மேரி முத்திரை

பிரான்சில் நான் வேலை பார்க்கும் அட்டைப் பெட்டித் தொழிற்சாலையில், மத்தியானச் சாப்பாட்டு மேசையில் தண்ணீர் ஜாடிக்குப் பக்கத்திலேயே 'வேன்' என்கிற திராட்சை மதுவும் இருக்கும். ஆளுக்கு அரை கிளாஸ் ஊற்றிக்கொண்டு, ரொட்டியைப் பிய்த்துத் தின்றுவிட்டு, மறுபடியும் இயந்திரத்துக்குப் போய்விடுவார்கள். லாரி ஓட்டுபவர் லாரியில் ஏறிவிடுவார். யாரும் யாரையும் குடிகாரன் என்பதில்லை. நான் மட்டும் கிளாஸைக் கவிழ்த்து வைப்பேன். எங்கள் மேஸ்திரி நல்ல மனிதர். ஒருநாள், மதக் கட்டுப்பாடா, வயிற்றுக் கோளாறா என்று கேட்டார். அப்போது எனக்குப் பிரெஞ்சு அரைகுறை. "என் அக்கா புருஷன் செத்துப் போனார், பாட்டிலால்" என்று எப்படியோ சொல்லி வைத்தேன். அவர் தன் வலது விலாவைத் தொட்டு, "ஈரலா?" என்றார். விளக்கிச் சொல்ல வார்த்தையும் இல்லை, தெம்பும் இல்லை. ஆமாம் என்று தலையாட்டிவிட்டேன்.

எங்கள் ஊர் காரைக்கால். அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். அதனால் கிடைத்த பிரெஞ்சுக் குடியுரிமையில் எழுபதுகளில் நான் பாரிசுக்குப் பக்கத்தில் வந்து சேர்ந்தேன். அக்காவைச் சுரக்குடியில் கட்டிக்கொடுத்திருந்தோம். அத்தானுக்கு வயல் வேலை. வெற்றிலையைத் தவிர வேறு பழக்கமில்லை. நான் முதல் விடுமுறையில் போய் அக்கா வீட்டில் தங்கியிருந்தபோது, டவுனுக்குக் கிளம்பியவரிடம், "அத்தான், வர்றப்ப எனக்கு ஒரு பிராந்தி வாங்கிட்டு வாங்க" என்றேன். "நான் அந்தக் கடைப் பக்கமே போனதில்லையேப்பா, என்னன்னு கேக்கறது?" என்று சிரித்தார். பெயரைத் துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுத்தேன். திரும்பி வரும்போது திருநள்ளாறு ரோட்டில் ஒரு தனியார் பஸ் அவர் சைக்கிளைப் பின்னாலிருந்து இடித்துத் தள்ளிவிட்டது. பையிலிருந்த பாட்டில் அவர்மேலேயே உடைந்து, வேட்டி சட்டையெல்லாம் பிராந்தி வாடை. போலீஸ்காரர் அதை அப்படியே எழுதிக்கொண்டார். வயிற்றில் என்ன இருந்தது என்று பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர் ஒன்றும் எழுதவில்லை.

அப்போதே ஸ்டேஷனில் போய்ச் சொல்லியிருக்கலாம். வீடே அழுதுகொண்டிருந்தபோது எனக்கு வாய் வரவில்லை. என்னால்தான் போனார் என்று ஊர் சொல்லுமே என்கிற பயமும் இருந்தது; அதை இப்போது மறைத்து என்ன ஆகப்போகிறது? காரியம் முடிந்ததும் விமானம் ஏறிவிட்டேன். நஷ்ட ஈட்டு வழக்கில் இன்சூரன்ஸ் வக்கீல் அந்த வாடையைத்தான் பிடித்துக்கொண்டார். குடித்துவிட்டுத் தானாகப் போய் விழுந்தார் என்று வாதம். பக்கத்துத் தமிழ்நாட்டில் மதுவிலக்கு இருந்தபோது, பஸ் பஸ்ஸாக வந்து எங்கள் ஊரில் குடித்துவிட்டுப் போனார்கள். கெட்ட பெயர் மட்டும் எங்களுக்கு. காரைக்கால்காரன் குடிக்கவில்லை என்றால் யார் நம்புவார்கள்? அக்கா கூண்டில் ஏறி, பாட்டில் தம்பிக்கு வாங்கியது என்று சொல்லியிருக்கிறாள். பெண்டாட்டி வேறெப்படிச் சொல்வாள் என்று தள்ளிவிட்டார்கள். 'தம்பி, நீ வந்து ஒரு வார்த்தை சொன்னாப் போதும்னு வக்கீல் சொல்றாரு' என்று கடிதம் எழுதினாள்.

எனக்கு வேலை நிரந்தரமாகவில்லை. ஒரு மாதம் ஊருக்குப் போனால் திரும்பி வரும்போது என் இடத்தில் வேறொருவன் நிற்பான். அதனால் ஒரு வழி கண்டுபிடித்தேன். காரைக்காலில் நகராட்சி அலுவலகத்தைப் பெரியவர்கள் 'மேரி' என்றுதான் சொல்வார்கள். பிறப்போ கல்யாணமோ சாவோ, மேரியில் பதிந்தால்தான் எங்களுக்கு நடந்த மாதிரி. இங்கேயும் அதே பெயரில் அதே அலுவலகம். பாட்டிலை வாங்கிவரச் சொன்னவன் நான், அத்தான் குடிக்காதவர் என்று அகராதியைப் புரட்டிப் பிரெஞ்சில் எழுதி, மேரிக்குப் போய்க் கையெழுத்துப் போட்டேன். அங்கிருந்த அம்மாள் படித்துப் பார்க்காமலே முத்திரை குத்தி, வாழ்த்துச் சொன்னாள். கல்யாணப் பத்திரம் என்று நினைத்திருக்க வேண்டும். அந்த வட்ட முத்திரையைப் பார்த்ததும் எனக்குத் தலையிலிருந்து ஒரு மலை இறங்கியது போல இருந்தது. மேரி முத்திரையைவிடப் பெரிய சாட்சி எந்தக் காரைக்கால்காரனுக்கு வேண்டும்? தாளை அக்காவுக்குத் தபாலில் அனுப்பிவிட்டேன்.

அடுத்த விடுமுறையில் அக்கா ஒரு பிளாஸ்டிக் உறையைக் கொண்டுவந்து வைத்தாள். உள்ளே நஷ்ட ஈட்டுச் சமரசப் பத்திரத்தின் நகலும் என் தாளும் ஒன்றாக இருந்தன.

"காயிதம் செல்லாதுன்னுட்டாங்க. ஆளு வரணுமாம். ரெண்டு வருசம் அலைஞ்சேன். பாதிப் பணந்தான், ஒத்துக்கன்னாங்க. கையெழுத்துக்கு முன்னால படிச்சுக் காட்டச் சொன்னேன். 'மது அருந்திய நிலையில்'னு இருந்துச்சு."

"போட்டுட்டியா அக்கா?"

"புள்ளைங்க சாப்பிடணுமேடா."

கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். பிறகு, எனக்குச் சோறு போடட்டுமா என்று கேட்டாள்.

இப்போது எனக்குப் பிரெஞ்சு நன்றாக வரும். நேற்று மேஸ்திரி ஏதோ ஞாபகத்தில் என் கிளாஸை நிமிர்த்தி ஊற்றப் போனார். பிறகு நினைவு வந்து, விலாவைத் தொட்டு மன்னிப்புக் கேட்டார். ஈரல் இல்லை என்று ஆரம்பித்து, துண்டுச் சீட்டு, பை, ரோடு, வாடை எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சாப்பாட்டை நிறுத்திவிட்டுக் கடைசிவரை கேட்டார். என் சாட்சியத்தை முழுதாகக் கேட்ட முதல் ஆள் அவர்தான். பாட்டிலை மூடி வைத்துவிட்டு, "இதை உங்கள் ஊரில் சொன்னாயா?" என்றார்.

"மேரியில் சொன்னேன்" என்றேன். எந்த ஊர் மேரி என்று அவர் கேட்கவில்லை.