சூரியகாந்தி விதை

அமெரிக்க நகரமான டோலிடோவின் தெருமுனைப் பெட்டிகளில் இலவசமாகக் கிடைத்த வாரப் பத்திரிகையில் வெண்டல் பிரிபிலா பத்தொன்பது வருடம் எழுதினார். பெரிய தினசரிகள் தொடாத விஷயங்கள்தாம் அவருடைய பிழைப்பு. உள்ளூர்ச் சிறையில் இன்சுலின் கிடைக்காமல் இரண்டு கைதிகள் செத்ததை, அங்கே நர்ஸாக இருந்த மார்வா டிப்ஸ்தான் அவரிடம் சொன்னாள். தன் பெயர் வரக்கூடாது, வேலை போய்விடும் என்றாள். அவர் பெயரைப் போடவில்லை. ஆனால் ஆளைக் கண்முன் நிறுத்தி எழுதுவதுதான் அந்தப் பத்திரிகையின் வழக்கம். சூரியகாந்தி விதையைக் கொறித்தபடி மருந்து வண்டி தள்ளும் நர்ஸ் என்று எழுதிவிட்டார்.

வியாழன் பத்திரிகை வந்தது. வெள்ளிக்கிழமை மார்வா போன் செய்தாள்.

"பேரு வராதுன்னு சத்தியம் பண்ணீங்களே."

"போடலையே, மார்வா."

"விதை கொறிக்கிற நர்ஸ் அந்த ஜெயில்ல எத்தனை பேருய்யா இருக்கோம்? என்னை வெளியே அனுப்பிட்டாங்க."

வெண்டல் ஆசிரியரிடம் ஓடினார். "அந்த வரிதான்யா கட்டுரைக்கே உயிரு," என்றார் ஆசிரியர். அந்தக் கட்டுரைக்கு விருது கொடுத்த குழுவும் அப்படியே நினைத்தது.

அடுத்த குளிர்காலத்தில் மூன்றாவது கைதி செத்தான். சிறை ஊழியர் ஒருவர்கூட வெண்டலிடம் வாய் திறக்கவில்லை. கடைசியில் வெட்கத்தை விட்டு மார்வாவையே அழைத்தார்.

"எனக்கென்ன தெரியும்?" என்றாள் அவள். "நான்தான் இப்ப உள்ளே இல்லையே."