புவனாவின் நாற்காலியில் ஓர் அமெரிக்கன்

ஞாயிற்றுக்கிழமை காலை, பல்கூடத் துலக்காமல் சமையலறைக்குள் போனால், ஓர் அமெரிக்கன் ஷூ காலை எதிர் நாற்காலி மேல் தூக்கி வைத்துக்கொண்டு, எந்த நாட்டில் வேலை பார்க்கலாம் என்று யோசித்துக்கொண்டிருக்கிறான். மதியத்துக்குச் சாம்பார் சாதமா தயிர் சாதமா என்று யோசிப்பவன் முகத்தில்கூட அதைவிடக் கொஞ்சம் கவலை இருக்கும். பெயர் ஈத்தன். ஊர் ஒஹாயோ. டார்ம்ஸ்டாட்டில் நான் வாடகைக்கு எடுத்திருக்கும் இரண்டு அறை வீட்டில், ஓர் அறைக்குத் தற்காலிக ஆள். டூரிஸ்டாக வந்தவன். ஊரில் வேலை போய்விட்டதாம், மனசு சரியில்லையாம், அதனால் ஐரோப்பா. லேப்டாப்பில் வரிசையாக டேப் திறந்து வைத்திருந்தான்.

“நெதர்லாந்து எப்படி? அமெரிக்காக்காரங்களுக்குன்னே அவங்க ஒரு நட்பு ஒப்பந்தம் வச்சிருக்காங்க. கொரியாவுல போய் இங்கிலீஷ் சொல்லிக் கொடுக்கலாம். நியூசிலாந்துல ஊர் சுத்திக்கிட்டே வேலை பாக்கலாம். ஜெர்மனின்னா இப்படியே இங்க இருந்துக்கிட்டே அப்ளை பண்ணலாமாம். இத்தனை ஆப்ஷன், தலை சுத்துது. நீ எந்த ஆப்ஷன்ல வந்தே?”

அவன் பேசியது இங்கிலீஷில். நான் நம் தமிழில் எழுதுகிறேன், கடுப்பு கொஞ்சம் குறையும் என்று.

“நான் ஆப்ஷன்ல வரல. க்யூவுல வந்தேன்” என்றேன்.

“சூப்பர். க்யூ நல்லது. ஒழுங்கா இருக்கும்” என்று சொல்லிவிட்டு என் பால் பாக்கெட்டைத் திறந்து அவன் கார்ன்ஃப்ளேக்ஸ் கிண்ணத்தில் ஊற்றினான்.

நான் மாஸ்டர்ஸ் படிக்க வந்தவள். திருச்சியில் காலேஜ் முடித்துவிட்டு, விசாவுக்கான நேர்காணல் தேதி கிடைப்பதற்காக இரவெல்லாம் ஒரு வெப்சைட்டை ரிஃப்ரெஷ் பண்ணிப் பண்ணி விரல் தேய்ந்தவள். அந்தத் தேதிக்கு முன்னால் எங்கள் வீட்டில் நடந்த கூத்தைச் சொன்னால் கல்யாணம் தோற்றுவிடும். பெரியப்பா ஒருவர் பச்சைச் சட்டை போட்டுப் போ என்றார். ஜெர்மனிக்காரனுக்குச் சுற்றுச்சூழல் பிடிக்குமாம். ஆப்ஷன் என்ற சொல் அந்த வீட்டில் ஒருமுறைகூட ஒலித்ததில்லை. கிடைக்குமா கிடைக்காதா, இந்த இரண்டு சொற்கள்தான்.

ஈத்தன் தங்கியிருந்தானே, அந்த அறை அவனுக்கானது இல்லை. புவனாவுக்கானது. புவனாவும் நானும் காலேஜில் ஒரே பெஞ்ச். அவள் என்னைவிடப் புத்திசாலி. இதை எந்த நட்பின் பெருந்தன்மையிலும் சொல்லவில்லை, மார்க் ஷீட் சொல்கிறது. படிப்பு முடிந்து இப்போது நான் வேலை பார்க்கும் கம்பெனி சின்னது. வண்டிகளின் பிரேக் மென்பொருளைச் சோதித்துப் பார்ப்பதுதான் தொழில். இன்னொரு ஆள் வேண்டும் என்று என் முதலாளி யுர்கன் சொன்னதும் புவனா விண்ணப்பித்தாள். மூன்று சுற்று நேர்காணல். மூன்றாவது சுற்றில் யுர்கனின் ஒரு கேள்வியே தப்பு என்று அவள் நிரூபித்தாள். அவருக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது. ஒப்பந்தம் வந்தது. அக்டோபர் ஒன்றாம் தேதி வேலையில் சேர வேண்டும். அவள் சென்னை வேலையை ராஜினாமா செய்தாள். நான் ஜன்னல் ஓரத்து அறையை அவளுக்கென்று ஒதுக்கி, அதுவரை காலியாகக் கிடக்க வேண்டாமே என்று இவனுக்குக் கொடுத்தேன்.

பிறகுதான் லேமினேஷன் பிரச்சினை.

தமிழ்நாட்டில் பிறந்த எவருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை. பட்டமளிப்பு முடிந்த அன்றே புவனாவின் அப்பா அவள் டிகிரி சர்டிஃபிகேட்டை நேராகச் சத்திரம் பஸ் ஸ்டாண்ட் பக்கத்துக் கடைக்கு எடுத்துக்கொண்டு போய் லேமினேட் பண்ணிவிட்டார். அவர் அரசுப் பேருந்து ஓட்டுநர். அவர் வீட்டில் ரேஷன் கார்டு, பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், புவனாவின் தடுப்பூசி அட்டை, எல்லாமே பிளாஸ்டிக்குக்குள்தான். மழை, கறையான், தம்பியின் கை எதுவும் பிள்ளையின் படிப்பைத் தொடக் கூடாது. என் அப்பா சோம்பேறி, என் சர்டிஃபிகேட்டை ஒரு பழைய காலண்டர் அட்டைக்குள் செருகி வைத்தார். அதனால் நான் ஜெர்மனியில் இருக்கிறேன்.

சென்னையில் விசா ஆவணங்களை வாங்கும் இடத்தில், லேமினேட் செய்த அசல் செல்லாது, பின்பக்கத்தில் முத்திரை குத்த முடியாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். புவனா ஹேர் டிரையர் வைத்துப் பிளாஸ்டிக்கை உரித்திருக்கிறாள். பிளாஸ்டிக்கோடு பதிவாளரின் கையெழுத்தும் சேர்ந்து உரிந்து வந்துவிட்டது.

“பாதிக் கையெழுத்து இருக்குடி. பாதி அந்தப் பேப்பர்ல, பாதி பிளாஸ்டிக்ல. ரெண்டையும் சேத்து வெச்சுப் பாத்தா படிக்கலாம்” என்று போனில் சொன்னாள்.

“யுனிவர்சிட்டில டூப்ளிகேட் கேளுடி.”

“கேட்டேனே. தொலைஞ்சு போச்சுன்னு போலீஸ் எழுதிக் குடுத்தாத்தான் டூப்ளிகேட்டாம். ஸ்டேஷனுக்குப் போனேன். இன்ஸ்பெக்டர் எங்க தொலைச்சேம்மான்னு கேட்டார். தொலைக்கல சார், இதோ கையில இருக்குன்னு காட்டினேன்.”

“லூசு. ஏண்டி காட்டினே?”

“பொய் சொல்ல வரல. அவரே எரிச்சலாயிட்டார். வீட்டுக்குப் போய் அதை முதல்ல தொலைச்சுட்டு வாம்மான்னார்.”

நாங்கள் சிரித்தோம். அப்போது இன்னும் சிரிக்க முடிந்தது. அவளுடைய அப்பா மட்டும் சிரிக்கவில்லையாம். சாப்பிடாமல் அந்த உரித்த பிளாஸ்டிக்கைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாராம்.

கம்பெனியில் ஆட்களைச் சேர்க்கும் வேலைகளைப் பார்ப்பவர் தர்ஷினி அக்கா. பான் நகரில் பிறந்து வளர்ந்தவர். பெற்றோர் யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்தவர்கள். கேன்டீனில் அவரிடம் போய்க் கொட்டினேன். அந்த ஈத்தன் விசாவே இல்லாமல் எப்படி இங்கே இருந்துகொண்டே விண்ணப்பிக்க முடியும் என்று கேட்டேன்.

“ஓம், அவருக்கு ஏலும். அமெரிக்கா, கனடா, யப்பான் எண்டு கொஞ்ச நாடுகள் இருக்கு. அந்த நாட்டு ஆக்கள் முதல் வந்து இறங்கிப் போட்டு பிறகு அன்ராக் போடலாம். அதுல உங்கட நாடும் இல்லை, எங்கட நாடும் இல்லை.”

அன்ராக் என்றால் விண்ணப்பம். ஜெர்மனியில் மூச்சு விடுவதைத் தவிர மற்ற எல்லாவற்றுக்கும் அது வேண்டும்.

“எங்கட நாடா? அக்கா, நீங்க ஜெர்மன் பாஸ்போர்ட்.”

“சரி, அப்பான்ர நாடு எண்டு வையும்.” அவர் உருளைக்கிழங்கை முள்கரண்டியால் நசுக்கினார். “அப்பா இங்க வந்து ஹைம்ல, அகதி முகாமில இருக்கேக்க அந்த மாவட்டத்தை விட்டு வெளிய போக ஏலாது. சித்தப்பா பக்கத்து நகரத்தில. பாக்கப் போனா பொலிஸ் பிடிக்கும். வருசக் கணக்கா அப்பிடி. நீர் என்னடா எண்டால் சிநேகிதி கொஞ்சம் பிந்துறாள் எண்டு அழுறீர்.”

“அப்ப நான் அழக் கூடாதா?”

“அழும். ஆனா க்யூவில எனக்குப் பின்னால நிண்டு அழும்.”

அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். துன்பத்துக்கும் இங்கே வரிசை உண்டு, அந்த வரிசையில் நான் கொழுத்த ஆள் என்பது அன்றுதான் தெரிந்தது.

செப்டம்பர் கடைசியில் எனக்குச் சளி. வீட்டில் இருந்தேன். நான் சோதிக்க வேண்டிய ஒரு கருவியைக் கொடுத்துவிட்டுப் போக யுர்கன் சைக்கிளில் வந்தார். கதவைத் திறந்தது ஈத்தன். நான் போர்வையைச் சுற்றிக்கொண்டு வெளியே வருவதற்குள் இருவரும் மாடிப்படியில் உட்கார்ந்து சைக்கிள் கியர் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். ஈத்தனும் ஊரில் மென்பொருள் சோதனைதான் பார்த்தானாம். இத்தனை வாரம் என் பால் பாக்கெட்டைக் காலி பண்ணியவன், என்னிடம் அதைச் சொன்னதே இல்லை. நானும் கேட்டதில்லை.

மறுநாள் யுர்கன் என்னைக் கூப்பிட்டார். நல்ல மனிதர், அதுதான் கொடுமை. கெட்டவனாக இருந்திருந்தால் திட்டிவிட்டுத் தூங்கியிருப்பேன்.

“புவனா எப்போது வருவாள் என்று உன்னால் சொல்ல முடியுமா?”

“முடியாது.”

“என்னாலும் முடியாது. ஈத்தன் இங்கே இருக்கிறான்.”

அவ்வளவுதான். இங்கே இருக்கிறான். என் நாட்டில் ஒருவரை வேலைக்கு எடுக்காததற்குச் சாதி, சிபாரிசு, லஞ்சம் என்று ஆயிரம் அசிங்கமான காரணம் இருக்கும், வாசலில் நின்று மண்ணை வாரித் தூற்றலாம். இங்கே ஒருவரும் ஒரு தப்பும் செய்யவில்லை. சுத்தமான கை, சுத்தமான மேஜை, சுத்தமான அநியாயம்.

ஈத்தன் என்னிடம் வந்து முகத்தைச் சோகமாக வைத்துக்கொண்டு கேட்டான். “எனக்கு ஒரு மாதிரியா இருக்கு. ஆனா ஒண்ணு புரியல. உன் ஃப்ரெண்ட் ஏன் சும்மா ஒரு ஃப்ளைட் ஏறி வந்து, இங்க இருந்துக்கிட்டு எல்லாத்தையும் சரி பண்ணக் கூடாது? நான் அதைத்தானே பண்ணினேன்.”

அவன் நக்கல் அடிக்கவில்லை. நிஜமாகவே தெரியவில்லை. உலகம் என்பது டிக்கெட் வாங்கினால் திறக்கும் கதவு என்று வளர்ந்தவனுக்கு எங்கிருந்து ஆரம்பித்து விளக்குவது? “அவளுக்கு விமானம்னா பயம்” என்றேன். “ஐயோ பாவம்” என்றான். நம்பிவிட்டான்.

அவனுக்கும் காத்திருப்பு உண்டு, இல்லை என்று சொல்லவில்லை. அனுமதி வரும்வரை அவனும் வேலை செய்யக் கூடாது. ஆனால் அவன் காத்திருந்தது என் பால்கனியில், வெயிலில், காலில் சாக்ஸ் இல்லாமல்.

அவனுக்கு ஜெர்மன் வராது. வெளிநாட்டவர் அலுவலகத்துக்குத் துணைக்குப் போ என்று யுர்கன் என்னை அனுப்பினார், வேலை நேரத்தில், சம்பளத்தோடு. அந்த அறைக்குள் எத்தனையோ முறை என் ஃபைலை மடியில் இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். இந்த முறை பயப்பட ஒன்றுமில்லை என்று நினைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். அதிகாரி அம்மாள் திரையிலிருந்து கண்ணை எடுத்து நேராக என்னைப் பார்த்துக் கையை நீட்டினார்.

“உங்கள் பாஸ்போர்ட்.”

“விண்ணப்பம் என்னுடையது இல்லை. அவருடையது.”

அவர் ஈத்தனைப் பார்த்தார். “அவர் உங்கள் கணவர் இல்லையா? உங்களுக்கு உதவ வந்தவர் இல்லையா?”

“இல்லை. நான்தான் அவருக்கு உதவ வந்தேன்.”

அம்மாள் நம்பாமல் அவன் பாஸ்போர்ட்டை வாங்கிப் பார்த்தார். நீல அட்டையைப் பார்த்ததும், “ஆ, அமெரிக்கர்” என்றார். அந்த “ஆ”வில் ஜன்னல் திறந்த மாதிரி ஒரு காற்று. அவருடைய உறவினர் ஒருவர் அமெரிக்காவில் இருக்கிறாராம், போன வருடம் போய்ப் பார்த்தாராம். நான் அந்தக் குசலத்தையும் இரு பக்கமும் மொழிபெயர்த்தேன். அவனுடைய டிகிரி? போனில் இருந்து அச்சடித்த ஒரு தாள். போதும் என்றார். வெளியே வந்ததும், “எல்லாரும் பயமுறுத்தினாங்க, ரொம்ப நல்லவங்களா இருக்காங்களே” என்றான் ஈத்தன். ஆமாம் என்றேன். ஒருவரிடம் நல்லவர்களாக இருப்பது இவர்களுக்கு எவ்வளவு சுளுவாக வருகிறது என்பதை நேரில் பார்த்ததுதான் எனக்குத் தாங்கவில்லை.

வேலை ஈத்தனுக்குப் போய்விட்டது என்று புவனாவிடம் நான்தான் சொன்னேன். “அறைக்குத் திரைச்சீலை வாங்கிட்டேன்னு சொன்னியே, என்ன கலர்?” என்றாள். மஞ்சள் என்றேன். போனை வைத்துவிட்டாள்.

யுர்கனுக்கு மனசாட்சி உறுத்தியிருக்க வேண்டும். ஒரு வழி கண்டுபிடித்தார். சென்னையில் ஓர் ஒப்பந்த நிறுவனம் மூலம் புவனாவை எடுத்துக்கொள்வது. அதே வேலை. சென்னைச் சம்பளம். பொறுப்பாளர், அனுமதி அட்டை கைக்கு வந்ததும் வேலையில் சேரப்போகும் ஈத்தன். “விசாவே தேவையில்லை பார்” என்றார், குழந்தைக்கு மிட்டாய் கொடுப்பவர் போல.

“ஒத்துக்காதேடி. அவன் உனக்கு மேலாம். அவனுக்கு இருக்கற தகுதி என்ன தெரியுமா? பொறந்தது” என்று கத்தினேன்.

“கத்தாதே. நான் ராஜினாமா பண்ணிட்டு உக்காந்திருக்கேன். எங்கப்பா அந்த லேமினேஷன் கடைப் பக்கமே இப்ப வண்டி ஓட்ட மாட்டேங்கறார், ரூட் மாத்திக் கேட்டிருக்கார். எனக்கு வேலை வேணும், நிவேதா.”

“அதுக்காக அவனுக்குக் கீழயா?”

“நீ மட்டும் அங்க யாருக்கு மேலடி இருக்கே?”

அவள் ஒத்துக்கொண்டாள்.

ஈத்தனுக்கு அனுமதி வந்தது. இங்கே புதிதாக வேலையில் சேருபவர்தான் மற்றவர்களுக்குத் தீனி வாங்கித் தர வேண்டும், அதுதான் வழக்கம். முதல் நாள் ஈத்தன் ஒரு பெட்டி டோனட் கொண்டு வந்தான். எல்லோரும் விரலை நக்கினார்கள். தர்ஷினி அக்கா எடுக்கவில்லை. “வயிறு சரியில்லை” என்று என்னிடம் தமிழில் சொன்னார். என்னைப் பார்க்கும்போது அவர் முகத்தில் க்யூவும் இல்லை, கேலியும் இல்லை. நானும் எடுக்கவில்லை.

திங்கட்கிழமை, புவனாவோடு முதல் வீடியோ கூட்டம். திரையில் இரண்டு கட்டங்கள். புவனாவின் கட்டத்துக்குக் கீழே அவள் பெயரும், வெளி ஆள் என்பதற்கான ஒரு சாம்பல் நிறக் குறியும். பின்னால் சென்னை ஆபீசின் குழல் விளக்கு. தலை வாரி, நெற்றியில் பொட்டு வைத்து, “குட் மார்னிங் ஈத்தன், குட் மார்னிங் நிவேதா” என்றாள். ஒரே குரலில் இரண்டு பெயரும். எங்கள் பக்கம் ஒரே கட்டம்தான். கூட்ட அறையின் கேமரா, அறையில் இருப்பவர்களைத் தானே தேடிப் பிடித்து ஒன்றாகக் காட்டும். ஈத்தனும் நானும் தோளோடு தோளாக, கீழே டார்ம்ஸ்டாட் என்று ஊர்ப் பெயர்.

அவள் ஏதோ ஒரு பிழையைப் பற்றிக் கேட்டாள். ஈத்தனுக்குப் பதில் தெரியவில்லை, என்னைப் பார்த்தான். நான் சொன்னேன். அவள் தலையை ஆட்டிக் குறித்துக்கொண்டாள். எனக்கு அவன் பக்கத்தில் உட்கார முடியவில்லை. நாற்காலியை மெல்ல ஓரத்துக்குத் தள்ளினேன், படத்திலிருந்து வெளியே போய்விடலாம் என்று. கேமரா சின்னதாக ஒரு சத்தத்துடன் திரும்பி, என்னைத் தேடி, கட்டத்தை அகலமாக்கி, மறுபடி அவனோடு சேர்த்து வைத்தது. இன்னும் தள்ளினேன். முதுகு சுவரில் முட்டியது. சென்னையிலிருந்து புவனா, நான் எங்கே போகப் பார்க்கிறேன் என்று புரியாதவள் போல, பேனாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு எங்கள் இருவரையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.