காலரில் எழுதிய எண்

1. சனிக்கிழமை காலை, வடக்குப்பட்டில், ஒரே கம்பெனியில் வேலை செய்யும் ஆறு தொழிலாளிப் பெண்கள் வாடகைக்கு இருந்த அறையில் என் ஆவணப்படத்துக்காகப் படம்பிடித்தேன்.

2. சாத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்த ஒருத்தி மட்டும் பேசச் சம்மதித்தாள். முகம் தெரியக் கூடாது என்பது நிபந்தனை. வேலை நிரந்தரமாக அவளுக்கு இன்னும் ஒரு மாதம் இருந்தது.

3. நைட் ஷிஃப்ட் முடிந்து வந்த சட்டையோடு அவளை முதுகுப் பக்கமிருந்து எடுத்தேன். குரலை மாற்றினேன். அசெம்பிளி லைனிலிருந்து கழிப்பறைக்குப் போனால் சூப்பர்வைசர் வாட்சைப் பார்ப்பதைப் பற்றி அவள் பேசிய இரண்டு நிமிடங்களைத் தனியே வெட்டினேன்.

4. அவளுடைய அறைத்தோழி ஒருத்தி கேட்டாள் என்று அதை அந்தத் தோழியின் போனுக்கு ப்ளூடூத்தில் அனுப்பினேன்.

5. செவ்வாய்க்கிழமை அது கம்பெனி பஸ்ஸில் எல்லார் போனிலும் ஓடியது.

அன்று மாலை போனபோது சாத்தூர்ப் பெண் போனை என் முன்னால் நீட்டினாள்.

“காலரைப் பாருங்கக்கா.”

வீடியோவில் அவள் சடையை முன்னால் எடுத்துப் போட்டபோது காலர் மடங்கி உள்பக்கம் தெரிந்தது. அதில் மார்க்கர் பேனாவில் அவளுடைய கம்பெனி டோக்கன் எண். ஆறு பேரின் நீலச் சட்டைகளும் ஒரே கொடியில் காய்வதால் மாறிப்போகாமலிருக்க இப்படி எழுதிக்கொள்வார்கள். ஒளி, ஒலி, ஃபோகஸ் என்று சரிபார்க்க என்னிடம் பட்டியல் இருந்தது. காலர் அதில் இல்லை.

“நாளைக்கு எச்.ஆர். கூப்பிட்டிருக்காக.”

“நான் வந்து பேசட்டுமா?”

“நீங்க வந்தீகன்னா வேல நாளைக்கே போயிரும்.”

வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்த வீட்டுக்காரம்மா உள்ளே வந்தார். “இன்னாத்துக்கு மூஞ்ச தொங்கப் போட்டுகினு கீறீங்க? மழ பேஞ்சா எது காஞ்சிகினு கீதோ அத்த மாட்டிகினு ஓட்றீங்க. யாரு சட்டய யாரு போட்டாங்கன்னு அவங்களுக்கு இன்னா தெரியும்?”

“ஆமா, என் சட்டய இவதான் போன வாரம் போட்டுட்டுப் போனா. இன்னும் இவ பவுடர் வாசம் போகல,” என்றாள் அறைத்தோழி.

மற்றவர்கள் சிரித்தார்கள். சாத்தூர்ப் பெண் சிரிக்கவில்லை. எனக்கும் சிரிப்பு வரவில்லை.

மறுநாள் ஒரகடம் பஸ் நிறுத்தத்தில் இரண்டு மணி நேரம் நின்றேன். கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கியவள் என்னைப் பார்த்ததும் நடையைக் குறைக்கவில்லை. பக்கத்தில் வந்தபோதுதான் பேசினாள்.

“ஆறு பேரையும் தனித்தனியா கேட்டாக. எது காஞ்சுச்சோ அதப் போட்டோம்னு ஆறு பேரும் சொல்லிட்டோம்.”

எச்.ஆர். நம்பவில்லை, நிரூபிக்கவும் முடியவில்லை. அவர்களை மூன்று ஷிஃப்டுகளில் பிரித்துப் போட்டார்கள். இதை எழுதும் வரை அவளுக்கு வேலை இருக்கிறது. நிரந்தரக் கடிதம் வரவில்லை. அந்த இரண்டு நிமிடம் என் படத்தில் இல்லை. அந்த அறைக்கு அவர்கள் என்னை மறுபடி கூப்பிடவில்லை.