மெயினை அணைக்கும் கை

திருப்பதியில் நாத்தனார் வீட்டில் ஏழு நாள் இருந்தேன். குளிக்கக் கூடாது, குனியக் கூடாது, கையைத் தலைக்கு மேல் தூக்கக் கூடாது. முதுகில் ஊசி வழியாக இரண்டு மெல்லிய ஒயர்களை உள்ளே விட்டு, வெளியே வந்த முனையை ஒரு சின்னப் பெட்டியில் மாட்டி, இடுப்பில் பிளாஸ்திரி போட்டு ஒட்டியிருந்தார்கள். கையில் ஒரு ரிமோட். பெட்டியிலிருந்து தண்டுவடத்துக்குப் போகும் மின்சாரம் வலியை அமுக்கும் என்றார் டாக்டர். ஏழு நாளில் வலி பாதியாவது குறைந்தால் இதேபோல ஒரு பெட்டியை உடம்புக்குள்ளேயே வைப்பார்கள். குறையாவிட்டால் ஒயரை உருவிவிட்டு அனுப்பிவிடுவார்கள். அதற்கு மேல் எனக்குப் போக இடமில்லை. டிஸ்க் ஆபரேஷன் முடிந்து மூன்று வருடமாகியும் இடது காலில் இடுப்பிலிருந்து குதிகால் வரை எரிச்சல் நின்றபாடில்லை. மாத்திரை, ஊசி எல்லாம் பார்த்தாயிற்று.

நான் ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவள். நகரியில் பவர்லூம் ஷெட்டில்தான் அதற்குப் பிறகு எல்லாம். தறியின் இரும்பைத் தொடும்போது லேசாகச் சுருசுருவென்று ஏறினாலே எர்த் போய்விட்டது என்று எங்களுக்குத் தெரியும். யாரையும் கேட்க மாட்டோம், கை தானாக மெயினை அணைத்துவிடும். அணைக்கத் தாமதித்த ஒருத்தி தறியோடு ஒட்டிக்கொண்டு நின்றதை நான் பார்த்திருக்கிறேன்.

இப்போது அந்தச் சுருசுருப்பு என் காலுக்குள்ளேயே ஓடியது. அசையாமல் உட்கார்ந்திருந்தால் சும்மா இருக்கும். சாய்ந்தாலோ இருமினாலோ சட்டென்று ஏறும். அப்படி ஏறும், மைனஸ் பட்டனை அழுத்திக் குறைத்துக்கொள் என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார். என் விரல் மைனஸுக்குப் போகவில்லை. நேராக அணைத்துவிட்டது. அணைத்ததும் பயம் போகும், எரிச்சல் வரும். மறுபடி போட மனம் துணியாமல் ரிமோட்டைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பேன்.

வலிக்குப் பத்துக்கு எத்தனை என்று நோட்டில் எழுதுவது நாத்தனாரின் வேலை. என் வீட்டுக்காரரின் தங்கை, என்னைவிட ஆறு வயது சின்னவள்.

"அண்ணி, இப்ப எவ்ளோ?"

"எட்டு."

"காலையிலயும் எட்டு, இப்பவும் எட்டா? இன்னா அண்ணி, ஸ்கூல்ல வாங்காத மார்க்கெல்லாம் இங்க வந்து வாங்கிக்கினு கீற."

சிரித்து வைத்தேன். அணைத்ததைச் சொன்னால் திட்டுவாள். டாக்டருக்குத் தெரிந்தால், இவ்வளவு பயப்படுகிறவளுக்கு இது எதற்கு என்று அன்றைக்கே உருவிவிடுவார். சொல்லாமல் இருந்தாலோ நோட்டில் எட்டுக்குக் கீழே எட்டாக ஏறிக்கொண்டிருந்தது.

ஏழாம் நாள் ஆஸ்பத்திரியில் டாக்டர் நோட்டைப் புரட்டினார். வலி கொஞ்சமும் குறையவில்லையா என்று தெலுங்கில் கேட்டார்.

"தக்கலேது சார்," குறையவில்லை என்றேன்.

இன்றைக்கே எடுத்துவிடலாம் என்றார். பெட்டி எவ்வளவு நேரம் ஓடியது என்று கணக்குப் பார்க்க வந்திருந்த கம்பெனிப் பெண் அதற்குள் தன் டேப்லெட்டிலிருந்து தலையைத் தூக்கினாள். சித்தூர்ப் பக்கத்துப் பெண், தமிழ் பேசுவாள்.

"சார், இது ஓடவே இல்ல. ஏழு நாளும் சேத்தா ஒரு நாள்கூட வராது."

நாத்தனார் என் பக்கம் திரும்பினாள். "அணைச்சு வெச்சுக்கினுதான் என்கிட்ட எட்டு எட்டுன்னு படிச்சியா?"

"ஷாக் அடிக்கிற மாதிரி கீதும்மா. கை தானா பூடுது."

டாக்டர் திட்டவில்லை. அதுதான் இன்னும் கூசியது. ஒயர் வெகுநாள் இருந்தால் சீழ் பிடிக்கும், இரண்டு நாள்தான் கூடத் தர முடியும் என்றார். அந்தப் பெண் மின்சாரத்தைக் குறைவாக வைத்துக் கொடுத்தாள். நான் ரிமோட்டை வாங்கி நாத்தனாரிடம் நீட்டினேன். "நீயே வெச்சுக்கோ. நான் கேட்டாலும் தராத."

மறுநாள் காலை அவள் மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு இருமல் வந்தது. சுருசுருவென்று தொடை வரை ஏறியது. கை இடுப்புக்குப் போய்ப் பெட்டியைத் தடவியது. ரிமோட் இல்லை. கூப்பிட்டேன். பக்கத்து வீட்டில் கிரைண்டர் ஓடிக்கொண்டிருந்தது, அவளுக்குக் கேட்கவில்லை. படி ஏறினால் ஒயர் நகர்ந்துவிடுமோ, பிடித்து இழுத்தால் முதுகுக்குள் அறுந்துவிடுமோ. நாற்காலியின் கைப்பிடியை இறுக்கிக்கொண்டேன். இது பிளாஸ்டிக், இரும்பு இல்லை என்று வாய்விட்டுச் சொன்னேன். நிமிர்ந்து உட்கார்ந்ததும் அதுவாகவே தணிந்தது. ஆனாலும் கையை எடுக்கவில்லை.

காலி பக்கெட்டோடு அவள் இறங்கி வந்தாள்.

"எவ்ளோ அண்ணி?"

காலுக்குள் எரிச்சலைத் தேடினேன். குதிகாலில் கொஞ்சம் இருந்தது.

"மூணு."

"எனக்காகச் சொல்றியா?"

"மூணுதான். ரிமோட்டக் குடு."

"எதுக்கு?"

"சும்மா, கையில வெச்சுக்கினு இருக்கேன்."

"ஆசைதான்," என்று அதை ஜாக்கெட்டுக்குள் செருகிக்கொண்டு நோட்டை எடுக்கப் போனாள்.

பெட்டி இப்போது இடுப்புத் தோலுக்கடியில் இருக்கிறது. வலி இரண்டிலும் மூன்றிலும் நிற்கிறது. ரிமோட்டை நகரி வீட்டு அலமாரியின் மேல்தட்டில், என் கை எட்டாத உயரத்தில் வைக்கச் சொல்லியிருக்கிறேன். இருமல் வரும்போதெல்லாம் எழுந்து போய், அது அங்கே இருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்துகொள்கிறேன்.