கல்லுக்கு நல்லது, மீனுக்குக் கெட்டதா?

எங்கள் வீட்டுக் கூடத்தில் நீந்தும் தங்கமீனில் பாதிதான் என்னுடையது. மீதிப் பாதி எதிர்வீட்டு பாயுடையது. எந்தப் பாதி யாருக்கு என்று இன்றுவரை முடிவாகவில்லை. தலைப் பக்கம் தன்னுடையது என்கிறார் பாய். தின்கிற பக்கம் அது. அப்படியானால் எனக்கு வந்து சேர்ந்த பக்கம் எது என்று நான் விளக்க வேண்டியதில்லை. தொட்டியைச் சுத்தம் செய்கிறவனும் நான்தான்.

வேலூரில் கண் பரிசோதனைக்கு பாயும் நானும் போன அன்று வாங்கிய மீன் அது. இருவர் கண்ணிலும் சொட்டு மருந்து விட்டிருந்தார்கள். பஸ்ஸுக்கு நடக்கும் வழியில் ஒரு மீன் கடை. உலகமே கலங்கலாகத் தெரிந்த அந்த நேரத்தில், கண்ணாடிக்குப் பின்னால் ஆரஞ்சு நிறத்தில் ஒன்று மட்டும் பெரிதாக மின்னியது. இரண்டு கிழவர்களும் ஒரே சமயத்தில் விரலை நீட்டிவிட்டோம். எங்கள் ஊர் ஆம்பூருக்குத் திரும்பி மருந்து தெளிந்த பிறகுதான் அதன் தலையைச் சரியாகப் பார்த்தேன்.

"பாய், இதுக்குத் தலையில கட்டி இருக்குது."

"கட்டி இல்ல சார், தொப்பி," என்றார் பாய். "நம்ம ஆளு."

பாய் வீட்டில் இரண்டு பூனைகள். அதனால் தொட்டி என் வீட்டுக்கு வந்தது. கூடவே தினமும் சாயங்காலம் ஐந்து மணிக்கு பாயும் வந்தார்.

நாங்கள் யார் என்று சொல்லிவிடுகிறேன். பாய் நாற்பது வருடம் பச்சைத் தோல் வியாபாரம் செய்தவர். ஆட்டுத் தோலை உப்புப் போட்டு அடுக்கி, கெடாமல் தொழிற்சாலைகளுக்கு அனுப்புவது அவர் வேலை. இப்போது மகன்கள் பார்த்துக்கொள்கிறார்கள். நான் வேதியியல் படித்துவிட்டு, ஷூ கம்பெனியில் தரப் பரிசோதனையில் காலத்தை ஓட்டியவன். ஒரு அங்குலத்தில் எத்தனை தையல் என்று எண்ணுவதற்கு வேதியியல் தேவைப்படவில்லை. எண்ணும் பழக்கம் மட்டும் ஒட்டிக்கொண்டது. இட்லி வேகும்போது மூடியின் தட்டலை எண்ணுவேன். பக்கத்துத் தெருத் திருமண மண்டபத்தில் வெடிக்கும் வெடிகளை எண்ணுவேன். யாரும் கேட்பதில்லை, நானாகச் சொல்வேன்.

படித்த வேதியியல் முதன்முதலாக இந்த மீனுக்குத்தான் பயன்பட்டது. எங்கள் தெருவில் குழாய்த் தண்ணீர் ஒரு நாள் விட்டு ஒரு நாள் வருவதாகப் பேர். போர் தண்ணீர் கரிக்கும். குடிப்பது கேன் தண்ணீர். நூறு லிட்டர் தொட்டியில் வாரம் தவறாமல் கால் பங்கு தண்ணீரை மாற்று என்று கடைக்காரர் சொன்னால் எங்கே போவது? தங்கமீனோ, தின்பதற்கும் கழிப்பதற்கும் மட்டுமே பிறந்தது. கழிவிலிருந்து அம்மோனியா வரும். அது கண்ணுக்குத் தெரியாது. தண்ணீர் பளிங்கு மாதிரி இருக்கும்போதே மீனின் செவுள் எரிந்துகொண்டிருக்கும்.

ஆகவே ஃபில்டருக்குள் இரண்டு சின்னப் பைகள் வைத்தேன். ஒன்றில் கார்பன் குருணை. தண்ணீரின் மஞ்சள் நிறத்தையும் வாடையையும் அது எடுத்துவிடும், ஆனால் அம்மோனியாவைத் தொடாது. அதற்கு இரண்டாவது பை. வெள்ளை வெள்ளையாகச் சின்னக் கற்கள். கடையில் அம்மோனியா கல் என்பார்கள். அவை அம்மோனியாவைப் பிடித்து வைத்துக்கொள்ளும். இனிப் பிடிக்க இடமில்லை என்றானதும், வெளியே எடுத்துக் கெட்டியான உப்புத் தண்ணீரில் ஒரு நாள் ஊறப்போட வேண்டும். உப்பு உள்ளே போகும், பிடித்த அம்மோனியா வெளியே வரும். கழுவி மறுபடி போடலாம்.

இதில் எதையும் பாய் ஏற்கவில்லை. "மீனுக்கு எதுக்கு சார் இவ்ளோ பேஜாரு? பாலாத்துல இருந்த மீனெல்லாம் இன்னா ஃபில்டரு வெச்சிக்கினா இருந்துச்சு?"

"அந்த மீனெல்லாம் இப்ப எங்க பாய்?"

தோல் தொழிற்சாலைக் கழிவு பாலாற்றை என்ன செய்தது என்று பாய்க்குத் தெரியாதா? கடைசியில் ஓர் ஒப்பந்தத்துக்கு வந்தோம்: கார்பன் ஒரு பை, கல் ஒரு பை. அதற்கு மேல் கெமிக்கல் கூடாது.

கார்பனை மாத்திரம் பாய் கொஞ்சம் மதித்தார். கையில் கொட்டிப் பார்த்தார், முகர்ந்தார். "இது கரி சார். இதுக்குப் போயி டப்பா போட்டு விக்கறானா?" மறுநாள் ஒரு பை நிறையக் கரியோடு வந்து நின்றார். அவர் அக்கா மகனின் பிரியாணிக் கடையில் தம் போடுகிற அடுப்பின் கரி. கழுவியாகிவிட்டது என்று சத்தியம் செய்தார். நான் ஆராய்ச்சி மனப்பான்மையோடு சம்மதித்தேன். ஒரு மணி நேரத்தில் தண்ணீர்மேல் நெய் வட்டங்கள் மிதந்தன. நான் பதினேழு எண்ணினேன். கூடம் முழுக்கப் புதினா வாசனை. மீன் மேலே வந்து ஒவ்வொரு வட்டமாக வாயில் வாங்கிச் சப்புக் கொட்டியது.

"பாத்தீங்களா, நம்ம ஆளுன்னேனே," என்றார் பாய்.

அன்று முழுக்கத் தொட்டியைக் கழுவியது யார் என்று சொல்ல வேண்டுமா?

கல்லை ஊறவைக்க உப்பு வேண்டும். உப்புக்கு எங்கள் தெருவில் பாய் வீட்டை விட்டால் வேறு போக்கிடம் எது? வாளியில் உப்பைக் கரைத்துக் கல் பையை முக்கும்போதெல்லாம் பக்கத்தில் நின்று பார்ப்பார்.

"இன்னா சார், கல்லுக்கு ஊறுகாய் போடறீங்களா?"

"இதுல போட்டா கல்லு புதுசா ஆயிடும் பாய்."

"ஓஹோ," என்றார். அந்த ஓஹோவை நான் கவனித்திருக்க வேண்டும். தோல் வியாபாரி 'ஓஹோ' என்று சொல்லிவிட்டுச் சும்மா இருக்க மாட்டான்.

அடுத்த வாரம் மீனின் வாலில் மெல்லிய சிவப்புக் கோடு ஒன்று தெரிந்தது. முடி அளவுதான். பாய் உடனே சொன்னார்: "ஒரு பிடி உப்பு போடுங்க சார். நாப்பது வருஷமா உப்புலதான் தோலைக் காப்பாத்துனேன்."

"செத்த தோலைத்தானே பாய் காப்பாத்துனீங்க? இது உயிரோட இருக்குது."

அவர் முகம் சுருங்கியது. நான் வெற்றி பெற்றதாக நினைத்துக்கொண்டேன்.

அதற்குப் பிறகு தொட்டியில் ஏதோ நடக்க ஆரம்பித்தது. அம்மோனியா இருக்கிறதா என்று பார்க்க ஒரு சொட்டு மருந்துக் குப்பி உண்டு. சின்னக் கண்ணாடிக் குழாயில் கொஞ்சம் தொட்டித் தண்ணீர் எடுத்து அந்த மருந்தை விட்டால், மஞ்சள் என்றால் நல்லது, பச்சை என்றால் கெட்டது. மாதக்கணக்கில் மஞ்சள் காட்டிய குப்பி இளம்பச்சை காட்டியது. கல் களைத்துவிட்டது என்று நினைத்து ரகசியமாக இன்னொரு பை சேர்த்தேன். பச்சை ஏறியது. மூன்றாவது பையும் சேர்த்தேன். ஃபில்டர் மூடி சரியாக மூடவில்லை, ஒரு கிளிப் போட்டேன். ஒப்பந்தத்தை மீறியது பாய்க்குத் தெரியாமலிருக்க, அவர் வருவதற்குள் தினமும் மேலே ஒரு துணியைப் போர்த்திவிடுவேன்.

பாய் நான்கு நாள் சென்னைக்கு, மகள் வீட்டுக்குப் போனார். நான் தினம் அரைக் கேன் தண்ணீர் மாற்றினேன். பச்சை இறங்கியது. மீன் நிமிர்ந்து நீந்தியது. பாய் திரும்பி வந்தார். இரண்டே நாளில் மறுபடி பச்சை.

"அவரு கண்ணு படுதோ என்னமோ," என்றாள் என் மனைவி, வெங்காயத்தை உரித்துக்கொண்டே. அவள் சிரித்த சிரிப்பு எனக்குப் புரியவில்லை.

வியாழக்கிழமை மத்தியானம் மீன் மேல்மட்டத்தில் வந்து காற்றை விழுங்க ஆரம்பித்தது. ஒரு நிமிடத்துக்குச் செவுள் எத்தனை முறை திறக்கிறது என்று எண்ணினேன். வழக்கத்தைப் போல இரண்டு மடங்கு. மீன் போனால் தொட்டி போகும். தொட்டி போனால் ஐந்து மணிக்கு வந்து என்னோடு சண்டை போட பாய்க்கு ஒரு காரணமும் இருக்காது. இந்த வயதில் புதிதாக ஒரு காரணத்துக்கு எங்கே போவது?

ஐந்து மணிக்கு பாய் வந்தார். மீனைப் பார்த்தார். சண்டையைத் தொடங்காமல் தன் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தார். சண்டை போடாமல் உட்காருகிற ஆளல்ல அவர், எனக்குச் சந்தேகம் தட்டியது. "டீ சொல்லிட்டு வர்றேன்" என்று உள்ளே போன நான், சமையலறைத் திரைக்குப் பின்னால் நின்றுகொண்டேன். அங்கே ஏற்கெனவே ஒரு ஆள் நின்றிருந்தது. என் மனைவி.

"உஷ்," என்றாள். "இருங்க, இப்பதான் ஜிப்பாப் பையில கைய வுடுவாரு."

பாய் கையை விட்டார். எடுத்தார். தொட்டிக்கு மேலே கையை விரித்தார். உப்பு பொலபொலவென்று விழுந்தது.

"உனக்கு எப்படித் தெரியும்?"

"தெனமும்தான் வுடுறாரே."

"ஏன் சொல்லல?"

"பொரி போடறாருன்னு நெனச்சேன். கூட்டுக்காரங்க விஷயத்துல நான் எதுக்கு நடுவுல?"

எனக்கு அந்த நிமிடம் எல்லாம் விளங்கியது. வாளியில் நான் கல்லுக்குச் செய்ததை பாய் தொட்டியிலேயே செய்துகொண்டிருந்தார். உப்புப் பட்டதும் கல் தான் பிடித்து வைத்திருந்த அம்மோனியாவையெல்லாம் மீனின் மூஞ்சியிலேயே உமிழ்ந்திருக்கிறது. நானும் மெனக்கெட்டு இரண்டு பை கூடுதலாகப் போட்டு அதற்குச் சரக்கு சேர்த்திருக்கிறேன்.

"பாய்!" என்று கத்திக்கொண்டு ஓடினேன்.

அவர் கையைப் பின்னால் மறைத்தார். பிறகு, மறைக்க ஒன்றும் மிச்சமில்லை என்று புரிந்ததும் கோபம் வந்துவிட்டது. "இன்னா சார் முறைக்கறீங்க? நீங்களே வாளில கல்லுக்கு உப்பு வெக்கறீங்க. கல்லு புதுசா ஆவுதுன்னு நீங்கதானே சொன்னீங்க? கல்லுக்கு நல்லது, மீனுக்குக் கெட்டதா?"

கல்லூரியில்கூட என்னை யாரும் இப்படி மடக்கியதில்லை. கிளிப்பைக் கழற்றிக் கல் பைகளை வெளியே இழுத்தேன்.

பாய் எண்ணினார். "ஒண்ணு. ரெண்டு. மூணு. அரே சார்! ஒரு பைன்னுதானே பேச்சு?"

வாழ்நாளெல்லாம் எண்ணியவன் நான். இன்னொருவர் எண்ணும்போது எப்படி இருக்கும் என்று அன்றுதான் தெரிந்தது.

"தண்ணி மாத்தணும் பாய். பாதித் தொட்டி. இன்னிக்குக் குழாய் கெடையாது."

வீட்டில் ஒரே ஒரு கேன் இருந்தது. முழங்கால் வலிக்காரரான பாய் தெருவைக் கடந்து தன் வீட்டுக் கேனை உருட்டிக்கொண்டே வந்தார். வழியில் வந்த ஆட்டோக்காரனை நிறுத்தித் திட்டினார், பிறகு அவனையே பிரியாணிக் கடைக்கு அனுப்பினார். அங்கிருந்து இரண்டு கேன் வந்தது. அன்று சாயங்காலம் அந்தக் கடையில் தண்ணீர் கேட்டவர்களுக்கெல்லாம் பாட்டில்தான் என்று பிறகு கேள்விப்பட்டோம். நான் ரப்பர் குழாய் வைத்துப் பழைய தண்ணீரை இறக்கினேன். பாய் புதுத் தண்ணீரைச் சொம்பு சொம்பாக ஓரத்தில் ஊற்றினார். ஒவ்வொரு சொம்புக்கும் மீனிடம் உருதுவில் ஏதோ சொன்னார். மன்னிப்பா, என்னைப் பற்றிய புகாரா என்று தெரியவில்லை.

பாங்கு கேட்டது. எழுந்தார். "நீங்க எண்ணுங்க சார். நான் போயி மேல கேட்டுட்டு வர்றேன்."

நான் எண்ணினேன். செவுள் படபடப்பு முதலில் குறையவே இல்லை. குப்பியில் பார்த்தேன், இன்னும் பச்சைதான், ஆனால் வெளுத்த பச்சை. அவர் திரும்பி வந்து செருப்பைக்கூடச் சரியாகக் கழற்றாமல், "கம்மி ஆச்சா?" என்றார். கொஞ்சம் கம்மி. மறுபடி எண்ணினேன். இன்னும் கொஞ்சம் கம்மி. என் மனைவி சாப்பிடக் கூப்பிட்டாள். இருவரும் காதில் வாங்கவில்லை. கடைசியில் மீன் மேல்மட்டத்தை விட்டு இறங்கி, அடியிலிருந்த கூழாங்கல் ஒன்றை வாயில் எடுத்து, ருசி பார்த்து, எங்களை நோக்கித் துப்பியது.

"நம்ம ஆளு," என்றார் பாய்.

மறுவாரம் வாலிலிருந்த சிவப்புக் கோடு மறைந்தது. தண்ணீரில் மிஞ்சியிருந்த உப்பால்தான் என்று பாய் தெருவில் பிரச்சாரம் செய்கிறார். புதுத் தண்ணீரால் என்று நான் சொல்கிறேன். கார்பனுக்கு மட்டும் உப்போடு பகை இல்லை என்பதால் அது ஃபில்டரில் தொடர்கிறது. கல் கூடாது, உப்பும் கூடாது என்று என் மனைவி தீர்ப்பு சொன்னாள். பாய் வாசலில் ஜிப்பாப் பையை வெளியே இழுத்துக் காட்டிவிட்டுத்தான் உள்ளே வருகிறார். நான் ஃபில்டர் மூடியைத் திறந்து காட்டுகிறேன். கம்பெனியில்கூட இவ்வளவு கறாரான சோதனையை நான் பார்த்ததில்லை.

ஆனாலும் மனுஷனுக்கு ஒரு முன்னெச்சரிக்கை வேண்டாமா? ஒரே ஒரு கல் பையை மட்டும் மேசை இழுப்பறையில், பழைய மூக்குக் கண்ணாடிக் கூட்டுக்குள் வைத்திருந்தேன். நேற்று பார்த்தால் காணோம். மனைவியிடம் கேட்க முடியாது. கேட்டால் வைத்திருந்ததை ஒப்புக்கொண்டதாகிவிடும். சாயங்காலம் பாய் வந்தார். உட்கார்ந்ததும் தன் சாய்வு நாற்காலியின் மெத்தைக்கு அடியில் கையை விட்டுத் துழாவினார். மறுபக்கமும் துழாவினார். என் முகத்தைப் பார்த்தார். உப்புப் பொட்டலத்தை அங்கேதான் ஒளித்திருப்பார் போல.

என் மனைவி இரண்டு டம்ளர் டீ கொண்டுவந்து வைத்துவிட்டு, வழக்கத்துக்கு மாறாக, நாங்கள் குடிப்பதைப் பார்க்க அங்கேயே நின்றாள். நாங்கள் இருவரும் டம்ளரைத் தூக்கி, குடிப்பதற்கு முன்னால் அடியை ஒருமுறை உற்றுப் பார்த்துக்கொண்டோம்.