வடிவுக்குக் கொடுக்காத பொழுது

என் நாத்தனார் வடிவின் வலது கை விரல்கள் இன்று மடங்காமல் கிடப்பதற்கு நான்தான் காரணம். இதை யாரிடமும் சொன்னதில்லை. முகம் தெரியாத உங்களிடம்தான் முதன்முதலாகச் சொல்கிறேன்.

நீங்கள் நம்பாமல் போகலாம். அதனால் என் குற்றம் குறைந்துவிடாது.

எங்கள் வீடு சீவலப்பேரியில். நான் திருநெல்வேலியில் ஒரு பள்ளியில் தமிழாசிரியை. என் கணவர் பக்கவாதத்தில் விழுந்து ஆறு ஆண்டுகள் கட்டிலில் கிடந்தார். அவருடைய தங்கை வடிவு, மணமான சில மாதங்களிலேயே கணவனை இழந்து எங்களோடு வந்து இருந்தவள். வீட்டிலேயே தையல் தைப்பாள். அண்ணனைப் புரட்டிப் படுக்கவைப்பது, துடைப்பது, கஞ்சி ஊட்டுவது எல்லாம் அவள்தான். “உங்களுக்கு விடிஞ்சா பள்ளிக்கூடம் இருக்குல்லா மதினி, நீங்க உறங்குங்க” என்று இரவுகளையும் அவளே எடுத்துக்கொண்டாள்.

இரண்டாம் ஆண்டில் ஒரு மாலை. பேருந்தில் நெரிசல் தாளாமல் ஒரு நிறுத்தம் முன்னதாகவே இறங்கிவிட்டேன். அங்கே சாலைச் சரிவில் இறங்கினால் ஆற்றை ஒட்டி ஒரு கல் மண்டபம் இருக்கிறது. நான்கு தூண்கள், ஒரு கூரை, அவ்வளவுதான். அதன் நிழலில் கால் வைத்ததும் அந்த ஒலி கேட்டது.

எப்படிச் சொல்வேன்... பெரிய வெண்கல மணியை அடித்த பின் காற்றில் ஒரு ரீங்காரம் தங்கி நிற்கும் அல்லவா? அதுபோல. ஆனால் அடித்த மணி எங்கும் இல்லை. ரீங்காரமும் ஓயவில்லை. காதில் கேட்டதைவிடப் பல்லிலும் எலும்பிலும்தான் அதிகம் கேட்டது. நிமிர்ந்து பார்த்தேன். தண்ணீரை நோக்கிப் பாய்ந்த மீன்கொத்தி ஒன்று, நீருக்கு ஒரு சாண் மேலே அப்படியே நின்றது. தாமிரபரணி ஓடவில்லை.

பயந்திருக்க வேண்டும். எனக்கோ உறக்கம் வந்தது. கல்தரையில் கிடந்து உறங்கினேன். விழித்தபோது என் கைக்கடிகாரம் ஐந்து மணி நேரம் ஓடியிருந்தது. பதறி எழுந்து மண்டபத்தை விட்டு வெளியே வந்தேன். ஒலி நின்றது. மீன்கொத்தி நீரில் விழுந்து மீனோடு எழுந்தது. சாலையில், நான் இறங்கிய பேருந்து இன்னும் வளைவைத் தாண்டவில்லை. அது கிளப்பிய புழுதிகூட அடங்கவில்லை.

மறுநாளும் போனேன். அதற்கு மறுநாளும். உள்ளே எவ்வளவு நேரம் இருந்தாலும் வெளியே ஒரு நிமிடம்கூடக் கழியாது என்று தெரிந்துகொண்டேன். பையில் இரண்டு வேளைச் சோறும் ஒரு தலையணை உறையும் வைத்துக்கொள்ளப் பழகினேன். ஒரு முழு நாள்கூடத் தங்குவேன். உறங்குவேன், விடைத்தாள் திருத்துவேன், மண்டப விளிம்பில் உட்கார்ந்து, ஓடாத தண்ணீரில் கால்களை விட்டுக்கொண்டு சும்மா இருப்பேன். வாழ்நாளில் அவ்வளவு நிறைவாக நான் இருந்ததில்லை. இதையும் சொல்லித்தான் ஆக வேண்டும். திரும்பும்போது கடிகார முள்ளைப் பின்னுக்குத் திருப்பிவைத்துவிட்டு வீட்டுக்குள் நுழைவேன்.

அந்த ஒலி என்ன, எங்கிருந்து வருகிறது என்று நான் ஆராயவில்லை. விசாரித்தால் போய்விடுமோ என்ற பயம்.

ஊரார் வியந்தார்கள். வேலைக்கும் போய், புருஷனையும் பார்த்து, முகம் வாடாமல் இருக்கிறாளே என்றார்கள். வடிவும் வியந்தாள். அவள் கண்களுக்குக் கீழே கருத்துக்கொண்டே வந்தது.

ஒருநாள் அவள் என் சேலைக் கரையில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டுக்கொண்டே கேட்டாள். “தினமும் ஆத்தங்கரைக்குப் போறியளே, அங்கன அப்படி என்ன மதினி இருக்கு?”

“பிள்ளையாரைக் கும்பிட்டுட்டு வாரேன்ளா.”

“எனக்கும் சேத்துக் கும்பிடுங்க. ஒரு நாள்... ஒரே ஒரு நாள் முழுசா உறங்கணும்போல இருக்கு. வேற ஒண்ணும் வேண்டாம்.”

அவள் கேட்டது என் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. கையைப் பிடித்துக் கூட்டிப் போயிருந்தால் போதும். போய்வரும் பத்து நிமிடம் அவள் அண்ணன் தனியாகக் கிடந்தால் என்ன ஆகிவிடும்? ஒன்றும் ஆகாது.

ஏன் கூட்டிப் போகவில்லை? இருவர் போனால் ஒலி நின்றுவிடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பொய். அங்கே நான் மனைவியில்லை, மதினியில்லை, டீச்சரும் இல்லை. அந்த இடத்தில் இன்னொரு முகத்தைப் பார்க்க எனக்கு விருப்பமில்லை. அவ்வளவுதான் உண்மை.

“கும்பிடுதேன்” என்றேன்.

அதற்கு அடுத்த மாதம். வழக்கம்போல மண்டபத்தில் ஒரு நாள் முழுவதும் இருந்துவிட்டு, களைப்பாறிய முகத்தோடு தெருவுக்குள் நுழைந்தேன். வீட்டு வாசலில் கூட்டம். எதிர்வீட்டு அண்ணாச்சி ஆட்டோவைத் திருப்பி நிறுத்திக்கொண்டிருந்தார்.

“பைய வாங்கம்மா, பயப்படாதிய. வடிவு கையில கொதிக்கிற கஞ்சி கொட்டிட்டு. சோறு வடிக்கும்போது நின்னவாக்குல உறங்கிட்டா போல. இப்பத்தான், அஞ்சு நிமிஷம்கூட ஆகலை.”

ஐந்து நிமிடம்... மண்டபத்திலிருந்து வீடு வரை நான் நடந்த நேரத்தைக் கணக்கிட்டேன். பானை அவள் கையிலிருந்து நழுவிய அந்த நிமிடம்தான் நான் ஒரு நாள் முழுக்க உறங்கிய நிமிடம்.

ஆட்டோவில் அவள் அழவில்லை. “அண்ணனுக்கு இன்னும் கஞ்சி குடுக்கலை மதினி” என்று மட்டும் சொன்னாள்.

புண் ஆறியது. விரல்கள் விறைத்துப்போயின. கத்தரிக்கோலைப் பிடிக்க முடியவில்லை. தையல் இயந்திரத்தை நாங்குநேரியிலிருந்து வந்த உறவுக்காரப் பெண்ணுக்குக் கொடுத்துவிட்டாள். கொடுப்பதற்கு முன் இடது கையால் அதற்கு எண்ணெய் விட்டாள். நான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அதன் பிறகாவது மண்டபத்துக்குப் போகாமல் இருந்தேனா? நாற்பது நாள் இருந்தேன். பிறகு போனேன். இப்போது இருவர் வேலையையும் நானே செய்கிறேன் அல்லவா, எனக்கு வேண்டும்தானே என்று நியாயம் கற்பித்துக்கொண்டேன்.

சென்ற ஆண்டு ஆடியில் என் கணவர் அமைதியாகப் போய்ச் சேர்ந்தார். வீட்டில் இப்போது நாங்கள் இருவர் மட்டும். வடிவு விடிந்த பின்னும் உறங்குகிறாள். முகம் தெளிந்துவிட்டது. நான் காப்பி போட்டு எழுப்புவேன். இருவருமாக வாசல் செம்பருத்திக்குத் தண்ணீர் விடுவோம், தொலைக்காட்சியில் தொடர் பார்த்து வம்பளப்போம். சந்தோஷமாகத்தான் இருக்கிறோம். இதில் பொய் இல்லை.

வியாழன்தோறும் நான் இன்னும் ஆற்றங்கரைக்குப் போகிறேன். ஒலி இன்னும் கேட்கிறது.

இப்போதாவது அவளைக் கூட்டிப் போகலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். எப்படிக் கூட்டிப் போவேன்? மண்டபத்துக்குள் கால் வைத்த மறுகணமே அவளுக்கு எல்லாம் விளங்கிவிடும். அத்தனை ஆண்டுகளும் அது அங்கேயே இருந்தது என்பதும், நான் அதைத் தனியாக அனுபவித்தேன் என்பதும். கொடுப்பதும் ஒப்புக்கொள்வதும் ஒன்றாகிவிட்ட பின் எனக்கு இரண்டுக்குமே துணிவில்லை.

போன ஞாயிறு காலை, வாசல்படியில் உட்காரவைத்து எனக்குத் தலை சீவிவிட்டாள். சீப்பை இடது கையில்தான் பிடிப்பாள். அவளும் நானும் ஒரே ஆண்டில் பிறந்தவர்கள். மண்டபத்தில் நான் கழித்த பொழுதையெல்லாம் கூட்டினால் மூன்று ஆண்டுகளுக்குக் குறையாது. அந்த மூன்றும் என் உடம்பில் ஏறியிருக்கின்றன.

அவள் என் நரையை விலக்கி விலக்கிப் பார்த்தாள்.

“என்னைவிட அஞ்சாறு வயசு மூத்தவ மாதிரி ஆயிட்டியளே மதினி. எங்கண்ணனுக்காக உங்க உசுரையே கரைச்சிட்டிய.”

சொல்லியிருக்கலாம். தெருவில் யாரும் இல்லை, அவள் முகத்தை நான் பார்க்க வேண்டியதும் இல்லை...

வகிடு எடுக்க அவளுக்கு வசதியாகத் தலை குனிந்துகொண்டேன்.