படுத்துப் பார்த்துச் சொன்ன சுகுமாரன்

செய்தி ஃபோனில் வந்தது. ஸ்பேர் பார்ட்ஸ் கடை ராஜன் பேசினார். "அண்ணே, நம்ம சுகுமாரன் இண்ணைக்கு விடியக்காலம் தவறிட்டான். நெஞ்சுவலி ஆக்கும். ஆஸ்பத்திரி வாசல்கூட எத்தல்ல." அப்போது என் வாயில் வந்த கேள்வியை நினைத்தால் எனக்கே வெட்கமாக இருக்கிறது. "ஒர்க்ஷாப்பில குழிக்க மேல யாருக்க வண்டி நிக்குது?" என்று கேட்டேன். ராஜன் கோபப்படவில்லை. "எனக்கும் அதுதான் முதல்ல தோணிச்சு அண்ணே" என்றார்.

டாக்சி ஸ்டாண்டுக்காரர்கள் அவன் நினைவாக ஒரு சிறு மலர் அச்சிடுகிறார்கள். நீங்களும் ஏதாவது தாருங்கள் என்று கேட்டார்கள். எனக்கு எழுத்து தெரியாது. நான் சொல்லச் சொல்ல மருமகள் எழுதுகிறாள். என் பேச்சை அவள் நேராக்கி எழுதுகிறாள். நடந்ததில் எதையும் மாற்றவில்லை.

பாறசாலையிலிருந்து தனுவச்சபுரம் போகும் சாலையில், ஓமனாவின் டீக்கடைக்கு அடுத்த தகரக்கூரையும், வண்டிக்கு அடியில் நின்று வேலை பார்க்கும் குழியும்தான் சுகுமாரனின் ஒர்க்ஷாப் என்பது உங்கள் எல்லோருக்கும் தெரியும். என்னைவிட இருபது வயது இளையவன். அவன் முகத்தைவிட அவன் கால்களைத்தான் ஊரில் பலர் அதிகம் பார்த்திருப்பார்கள். எந்த வண்டி வந்தாலும் முதலில் தரையில் படுத்துவிடுவான். வண்டிக்காரரோடு பேசுவதும் அங்கே கிடந்துதான்.

நல்லதை மட்டும் சொன்னால் உங்களுக்கே சிரிப்பு வரும். சொன்ன நாளில் அவன் வண்டி தந்ததைக் கண்டவர் உண்டா? நாளைக்கு வாருங்கள் என்பான். நாளைக்குப் போனால் வண்டி கட்டைமேல் ஏறி நிற்கும். அவன் நெய்யாற்றின்கரைக்குச் சாமான் வாங்கப் போயிருப்பான். ஒருமுறை நான் நன்றாகத் திட்டினேன். "வண்டியை அவசரமா தரலாம் அண்ணே. பிறகு அது உங்களை அவசரமா கொண்டுபோவும்" என்றான்.

கள்ளிக்காட்டில் ஒரு சொந்தக்காரரின் புதுவீட்டுப் பால்காய்ச்சுக்கு என் வண்டியில் அவனும் வந்தான். முன்சீட்டில் ஏறி உட்கார்ந்ததும் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு வெறும் பாதத்தை வண்டியின் தரைத் தகட்டில் பதித்தான்.

"எலே, கோயிலுக்கா வந்திருக்கே?" என்றேன்.

"ரேடியோவை நிறுத்துங்க அண்ணே. சத்தம் முதல்ல காலுக்குத்தான் வரும். காதுக்கு எத்துறதுக்குள்ள நேரம் பிந்திப் போவும்."

நான் சிரித்தேன். இரண்டு மைல் போவதற்குள் வண்டியை ஓரம் கட்டச் சொன்னான். பின்சக்கரத்தின் ஒரு நட்டு விரலால் சுழற்றும் அளவுக்குத் தளர்ந்திருந்தது. முந்தின நாள் அந்தச் சக்கரத்தைக் கழற்றி மாட்டியவன் நான்தான். அவன் அதை யாரிடமும் சொல்லவில்லை. பட்டுக்கரை வேட்டியை மடித்துக் கட்டி, நட்டை முறுக்கிவிட்டு, கையைப் புல்லில் துடைத்துக்கொண்டு ஏறினான்.

இனிச் சொல்வது நான்கு வருஷத்துக்கு முன் நடந்தது. எனக்கு அப்போது எழுபத்து மூன்று வயது. நாற்பது வருஷம் டாக்சி ஓட்டியவன் நான். பள்ளிக்கூடம் போகாதவனுக்குக் கிடைத்த ஒரே பத்திரம் என் லைசென்ஸ். டாக்சியை விட்டபிறகும் பழைய டீசல் கார் ஒன்றை வைத்து வீட்டுக் காரியங்களுக்கு ஓட்டிவந்தேன்.

ஒரு நாள் பாறசாலை ஜங்ஷன் இறக்கத்தில் பிரேக்கை மிதித்தேன். வண்டி இடதுபக்கம் இழுத்துக்கொண்டு போய்ப் பழக்கடை ஓரத்து ஸ்டூலை நொறுக்கியது. அது லாட்டரி விற்கும் தங்கப்பன் உட்காரும் ஸ்டூல். அவன் டீ வாங்க அப்போதுதான் எழுந்து போயிருந்தான். கிளாசைப் பிடித்தபடி வந்து, உடைந்த ஸ்டூலையும் என்னையும் பார்த்து, "அண்ணே, எனக்குத்தான் இண்ணைக்கு லாட்டரி அடிச்சுது" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். சேதி கேட்டு ஓடிவந்த என் மகன் அனில் சிரிக்கவில்லை.

அன்றைக்கே சாவியை வாங்கி வைத்துக்கொண்டான். "அப்பா, போதும். கை நடுங்குது. அந்த ஆள் அங்க இருந்திருந்தா?" என்றான். வண்டி இழுக்கிறது என்று சொன்னேன். அவனே ஒருமுறை ஓட்டிப் பார்த்தான். தனியாக, மெதுவாக, சமதளத்தில் ஓட்டினான். ஒன்றும் தெரியவில்லை. பிறகு பெரிய ஒர்க்ஷாப் ஒன்றில் கொண்டுபோய் மெஷினில் ஏற்றி, சக்கரங்கள் நேராக உள்ளனவா என்று வீல் அலைன்மென்ட் பார்த்தான். மெஷின் ஒரு தாளை அச்சடித்துக் கொடுத்தது. எல்லாம் சரி என்று அதில் இருப்பதாக எனக்குப் படித்துக் காட்டினான். அவன்மேல் எனக்குக் கோபம் இல்லை. பயந்துபோனவன். ஆனால் அந்தத் தாளுக்கு எதிராக நான் எதைக் காட்டுவேன்? என் காலும் கையும் மட்டும்தான் எனக்குச் சாட்சி. பத்து நாள் வீட்டில் இருந்தேன். ஒருவேளை கைதான் போலிருக்கிறது என்று நானே நம்பத் தொடங்கிவிட்டேன்.

பதினோராவது நாள் பஸ் ஏறிப் போய்ச் சுகுமாரனிடம் சொன்னேன். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தான். அனில் ஒரு கல்யாணத்துக்குப் புறப்பட்டு வெள்ளை வேட்டியோடு நின்றான். சுகுமாரன் வண்டிப் பக்கம் போகவில்லை. என் முன்னால் குந்தியிருந்து கேட்டான்.

"எப்ப இழுக்குது அண்ணே? பிரேக்கைச் சவுட்டும்போதா, விடும்போதா?"

"சவுட்டும்போது இடப்பக்கம் இழுக்கும். விடும்போது காலுக்க அடியில டக்குன்னு ஒரு சத்தம்."

"ரிவர்ஸ் எடுத்துச் சவுட்டினா?"

"அப்பவும் டக்குன்னு கேக்கும். அது கொஞ்சம் கனம்."

"பின்னால ஆள் இருந்தா?"

"கூடுதல்."

அனில் தாளைக் கொண்டுவந்து நீட்டினான். சுகுமாரன் கையைத் துடைத்துவிட்டு வாங்கி, முழுதும் படித்து, மடித்துத் திருப்பிக் கொடுத்தான். "மெஷின் பொய் சொல்லல்ல மக்கா. நிக்குற வண்டியை அது பாத்துது. உனக்க அப்பா ஓடுற வண்டியைச் சொல்லுறாரு."

பிறகு இடது முன்சக்கரத்துக்கு நேராக முற்றத்தில் படுத்துக்கொண்டான். அனிலை ஏறச் சொல்லி, இரண்டு முழம் முன்னால் போய் மிதி, பின்னால் வந்து மிதி என்றான். மூன்று முறை பார்த்தான். எழுந்திருக்கவில்லை.

"இனி அண்ணன் ஓட்டட்டு. மக்கா, நீ இறங்கி எனக்க பக்கத்தில வந்து படு."

"தரையிலயா?"

"பின்ன, பாயா விரிக்கணும்?"

வெள்ளை வேட்டியோடு என் மகன் மண்ணில் படுத்தான். நான் முன்னால் போய் மிதித்தேன். பின்னால் வந்து மிதித்தேன்.

"சக்கரம் பின்னால போவுதே," என்றது அனிலின் குரல்.

"எவ்வளவு?"

"ஒரு விரல் உண்டு."

"போய் வலப்பக்கத்தைப் பாரு."

அங்கேயும் படுத்து, நான் மறுபடி மிதித்ததும், "அது அசையல்ல" என்றான்.

"அப்ப அண்ணன் சொல்லுறது சரி ஆக்கும்" என்றான் சுகுமாரன்.

நான் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி வண்டிக்குள்ளேயே இருந்தேன். இறங்கினால் என் முகத்தைப் பார்ப்பார்கள்.

முன்சக்கரத்தை வண்டியின் உடம்போடு சேர்த்துப் பிடிக்கும் வளைந்த இரும்புக்கு லோயர் ஆம் என்று பெயர். உடம்போடு அது சேரும் இடத்தில் புஷ் என்கிற ரப்பர் உருளை உண்டு. அந்த இடுக்கில் சுகுமாரன் கம்பியைக் கொடுத்து நெம்பினான். பின்பக்கத்துப் புஷ் கிழிந்து, ரப்பர் கரித்தூளாக உதிர்ந்தது. பிரேக் பிடிக்கும்போதெல்லாம் அந்த இரும்பு பின்னால் நகர்ந்து சக்கரத்தைத் திருப்பியிருக்கிறது. நின்றால் பழைய இடத்துக்கே வந்துவிடும். மெஷினுக்கு எப்படித் தெரியும்?

இரண்டு பக்கமும் மாற்ற வேண்டும் என்றான். ஒன்று போதாதா என்று அனில் கேட்டான். "செருப்பு தேஞ்சா ஒத்தைக் காலுக்கு மட்டும் வாங்குவியா?" என்று கேட்டு முடித்துவிட்டான்.

வேலை நடந்தது ஒர்க்ஷாப்பில், சொன்ன நாளுக்கு இரண்டு நாள் பிந்தி. துருப்பிடித்த போல்ட்டுகளுக்கு எண்ணெய் விட்டுக் காத்திருந்தான். ஆமின் மறுமுனையைச் சக்கரத்தோடு சேர்க்கும் பால் ஜாயிண்ட் கழன்று இறங்க மறுத்தது. அதன்மேல் நேராக அடிக்காமல், அது செருகியிருந்த இரும்பின் பக்கவாட்டில் இரண்டு சுத்தியலால் தட்டினான். தானாக விழுந்தது. புது ஆம்களை மாட்டி, போல்ட்டுகளைக் கையால் திருகும் அளவோடு விட்டுவிட்டு, வண்டியைக் கீழே இறக்கிக் குழிக்கு மேல் தள்ளினான்.

"முறுக்க மறந்துட்டியே" என்றேன்.

"சக்கரம் தொங்கும்போது முறுக்கினா, தொங்குற நிலைதான் ரப்பருக்கு இருப்புன்னு ஆயிடும். கீழ இறக்கினதும் அது திருகிக்கிட்டே நிக்கும். மூணு மாசத்தில கிழியும். வண்டி தன் கால்ல நிக்கணும், ஆள் ஏறின பாரமும் வேணும். அப்பத்தான் முறுக்கணும். ஏறி இருங்க."

நான் ஸ்டியரிங் பக்கம், அனில் எனக்கு இடதுபக்கம். பின்சீட்டுக்கு ஆள் வேண்டும் என்று டீக்கடை ஓமனாவை அழைத்தான்.

"என்னை எடைக்கல்லுக்கா விளிச்சே?" என்று கேட்டுக்கொண்டே வந்து ஏறினாள்.

அந்த வழியாக வந்த தங்கப்பனையும் பிடித்தான். "இந்த வண்டியிலயா?" என்று தங்கப்பன் பின்வாங்கினான். "வெளிய இருந்தவனையே கொல்லப் பாத்த வண்டியாக்கும்."

"அதனாலதான் சொல்லுறேன். உள்ள இரு, பத்திரம்" என்றது குழிக்குள்ளிருந்து குரல்.

ஓடாத வண்டிக்குள் நாங்கள் நான்கு பேரும் கால்மணி நேரம் இருந்தோம். சாலையில் போன ஒருவர் எட்டிப் பார்த்து, "எங்ஙோட்டா யாத்ர?" என்று கேட்டார். "எங்கயும் இல்ல, சும்மா இருக்கோம்" என்றாள் ஓமனா. அடியில் சுகுமாரன் ஒவ்வொரு போல்ட்டாக முறுக்கும் அதிர்வு என் பாதத்துக்கு வந்துகொண்டிருந்தது.

ஜங்ஷன் இறக்கத்துக்கே ஓட்டிப்போய் மிதித்தேன். நேராக நின்றது. திரும்பி வந்து நின்றதும் சுகுமாரன் சாவியை உருவிக்கொண்டு, அலைன்மென்ட்டை இனி மறுபடி பார்க்க வேண்டும் என்றான். அனில் கையை நீட்டினான். சுகுமாரன் அவன் கையைத் தாண்டி என்னிடம் தந்தான்.

மூன்று வருஷம் நன்றாக ஓட்டினேன். போன வருஷம் வீட்டு வாசல் தூணில் இடதுபக்கக் கண்ணாடி இரண்டு முறை தட்டியது. பிறகு ஒருமுறை, நிற்க வேண்டிய இடம் தாண்டித்தான் நின்றேன். வண்டியில் மறுபடி ஏதோ வந்துவிட்டது என்று சுகுமாரனிடம் போனேன். செருப்பைக் கழற்றிவிட்டு என் பக்கத்தில் ஏறினான். தனுவச்சபுரம் வழியில் இடது ஓரத்திலிருந்து ஒரு பெண் சைக்கிளோடு சாலையில் இறங்கினாள். சுகுமாரன் ஹேண்ட்பிரேக்கை இழுத்தான். வண்டி நின்றபிறகுதான் நான் அவளைக் கண்டேன்.

அவன் ஒர்க்ஷாப்புக்கு வந்து வண்டியைக் குழிமேல் நிறுத்தி அரைநாள் பார்த்தான். புஷ், பால் ஜாயிண்ட், பிரேக், டயர் எதையும் விடவில்லை. நெம்பினான், படுத்தான், என்னையே முன்னும் பின்னும் ஓட்டச் சொல்லிப் பார்த்தான். பிறகு ஓமனாவிடம் இரண்டு டீ சொல்லிவிட்டு என் அருகில் வந்து உட்கார்ந்தான்.

"வண்டிக்கு ஒண்ணும் இல்லண்ணே."

டீயை நான் குடிக்கவில்லை. "அப்ப அண்ணைக்கும் எனக்க கொறவுதானோ? நீ மகனுக்க முன்னால என்னைக் காப்பாத்தினியா?" என்று கேட்டேன்.

"இல்ல. அண்ணைக்கு வண்டி. இண்ணைக்கு வண்டி இல்ல. ரெண்டையும் நான்தான் படுத்துப் பாத்தேன்." கிளாசை என் பக்கம் நகர்த்திவிட்டு, "அண்ணைக்கு நீங்க சொன்னதை நான் நம்பினேன் அண்ணே" என்றான். இந்த முறை அவன் சொன்னதை நான் நம்ப வேண்டும்.

சாவியை நானே அவன் கையில் வைத்தேன். அவன் ஓட்டினான், நான் முதல்முறையாக என் வண்டியின் இடது சீட்டில் இருந்து வீட்டுக்கு வந்தேன். வாசலில் இறங்கும்போது, "அனிலிட்ட நீங்களே சொல்லுங்க. நான் வாய் திறக்க மாட்டேன்" என்றான். திறக்கவும் இல்லை. நானாகத் தீர்மானித்து விட்டுவிட்டேன் என்றுதான் வீட்டில் சொன்னேன். எல்லோரும் என்னைப் பெரிய மனிதன் என்றார்கள். இடது ஓரத்துப் பார்வை போய்விட்டது என்று கண் டாக்டர் பிறகு சொன்னார். ஹேண்ட்பிரேக் விஷயம் அவருக்கும் தெரியாது. மருமகள் எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறாள். எழுது மக்கா என்றேன். அனில் இதைப் படித்துத் தெரிந்துகொள்ளட்டும்.

அடக்கத்துக்கு அனில்தான் வண்டி ஓட்டினான். சுகுமாரன் வீட்டு முற்றத்தில் மெக்கானிக்குகளும் டிரைவர்களுமாக நின்றோம். அவனை முகம் மேலே பார்க்கக் கிடத்தியிருந்தார்கள். அந்த முகத்தை இவ்வளவு நேரம் சேர்ந்தாற்போல் நான் பார்த்ததே இல்லை.

என்னிடம் அவன் விட்டுப் போனவை இரண்டு பேச்சு. அண்ணன் சொல்லுறது சரி ஆக்கும் என்றது ஒன்று. வண்டிக்கு ஒண்ணும் இல்லண்ணே என்றது மற்றது. முதல் பேச்சு என் மூன்று வருஷத்தைத் திருப்பித் தந்தது. இரண்டாவது பேச்சால் நான் ஓட்டுவதை நிறுத்தினேன்; அந்தச் சைக்கிள்காரப் பெண் இன்றும் எங்கள் வீட்டு வழியாகத்தான் வேலைக்குப் போகிறாள். அவள் பெயர் எனக்குத் தெரியாது. காலையில் மணி அடித்துக்கொண்டு போவாள். அது கேட்கும்போதெல்லாம் சுகுமாரனுக்கு நான் நன்றி சொல்கிறேன்.